பல்லவி எழுதியவள் பெயர்

அமெரிக்க ஹிப்ஹாப் குழுவான தி ரூட்ஸின் ‘யூ காட் மீ’ பாட்டைப் பற்றிப் பேச்சு வந்தாலே எல்லாரும் ஒரே கதையைத்தான் சொல்வார்கள். பல்லவியை எழுதியவர் ஜில் ஸ்காட். அவரை யாருக்கும் தெரியாது என்பதால் இசைத்தட்டுக் கம்பெனி அவரை விலக்கிவிட்டு, அப்போது பெரிய பெயராக இருந்த பாடகி எரிக்கா பாடுவைப் பாட வைத்தது. அநியாயம். அவ்வளவுதான் கதை. நடந்ததும் அதுதான், இதில் பொய் எதுவும் இல்லை. ஆனாலும் யாராவது இப்படி நாலு வரியில் சொல்லி முடிக்கும்போது என் மனம் அதோடு நிற்க மறுக்கிறது. அந்தப் பாட்டை இருபத்தைந்து வருடங்களுக்கு மேலாகக் கேட்டுக்கொண்டிருக்கிறேன். எரிக்கா பாடு பாடியதும் எனக்கு உயிர், ஜில் ஸ்காட் மேடையில் பாடியதும் எனக்கு உயிர். இதில் ஒன்றை நேசித்தால் இன்னொன்றுக்குத் துரோகம் செய்வதாக ஆகிவிடுமா என்ற கேள்வி ரொம்ப நாளாக உள்ளே கிடந்தது. போன வருடம் என் தங்கை மகனும் அவன் நண்பர்களும் ஒரு தமிழ் ராப் பாட்டு வெளியிட்டார்கள். ஏறக்குறைய இதே மாதிரி ஒன்று அங்கே என் கண் முன்னால் நடந்தது. அதற்கப்புறம் இதை எழுதாமல் இருக்க முடியவில்லை.

1999-ல் நான் சிங்கப்பூரில் பலதுறைத் தொழிற்கல்லூரி மாணவி. வகுப்பு முடிந்ததும் ஆர்ச்சர்ட் சாலைக்குப் போவோம். தி ஹீரன் கட்டடத்தில் இருந்த எச்எம்வி கடைதான் எங்கள் கூடம். குறுந்தட்டு வாங்கக் கையில் காசு இருக்காது, ஆனால் அங்கே ஹெட்போன் மாட்டிக்கொண்டு கேட்பதற்குக் காசு தேவையில்லை. எரிக்கா பாடுவின் முதல் ஆல்பம் 1997-ல் வந்திருந்தது. அந்தக் குரலில் எனக்குப் பைத்தியம். அவர் பெயர் எங்கே தெரிந்தாலும் கை அங்கே போகும். அப்படித்தான் ரூட்ஸ் என்ற பெயரே எனக்குத் தெரிய வந்தது. பிலடெல்பியாவில் பள்ளிக்கூட நண்பர்களாக இருந்த இருவர், ராப் பாடும் பிளாக் தாட்டும் டிரம்ஸ் வாசிக்கும் குவெஸ்ட்லவ்வும், 1987-ல் தொடங்கிய குழு அது. மற்றவர்கள் பழைய இசைத்தட்டுகளிலிருந்து துண்டு எடுத்து ஒட்டிக்கொண்டிருந்த காலத்தில், வாத்தியங்களை நேரடியாக வாசித்தே ஹிப்ஹாப் செய்தவர்கள். இதெல்லாம் பிற்பாடு தெரிந்துகொண்டது. அன்றைக்கு அந்த ஹெட்போனை மாட்டியதற்கு ஒரே காரணம், ரூட்ஸ் என்ற பெயருக்குப் பக்கத்தில் ‘ஃபீச்சரிங் எரிக்கா பாடு’ என்று இருந்ததுதான்.

பாட்டு ஒரு காதல் கதை. ஊர் ஊராகக் கச்சேரிக்குப் போகும் ஒரு கலைஞன், அவன் வரவுக்காகக் காத்திருக்கும் ஒரு பெண். நான் எங்கே போனேன், யாரைப் பார்த்தேன் என்று கவலைப்படாதே, நான் உன்னிடம்தான் இருக்கிறேன் என்கிறது பல்லவி. ஆனால் என்னைப் பிடித்து நிறுத்தியது பிளாக் தாட் தொடங்கும் இடம். இருவரும் ஒரே கட்டடத்தில், ஒரே மாடியில் குடியிருந்தவர்கள். அங்கே இருந்தவரை ஒரு நாளும் சந்தித்ததில்லை. அவன் கச்சேரிக்காகக் கடல் கடந்து போன இடத்தில், படிக்க வந்திருந்த அவளைப் பார்க்கிறான். வீவக வீட்டில், அதாவது இங்குள்ள அரசு அடுக்குமாடி வீட்டில், வளர்ந்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. அங் மோ கியோவில் எங்கள் புளோக்கில், அதே நடைபாதையின் கடைசி வீட்டில் இருந்தவர்களின் பெயர் எங்களுக்குத் தெரியாது. காலையில் மின்தூக்கியில் தலையசைப்போம், அதோடு சரி. அமெரிக்கக் கறுப்பினத்தவர் ஒருவர் எங்கோ பிலடெல்பியாவை நினைத்து எழுதிய வரி, என் வீட்டுக் கதவிலிருந்து அந்தக் கடைசிக் கதவு வரைக்கும் இருந்த தூரத்தை எனக்குக் காட்டியது.

அப்புறம் காசு சேர்த்து ஆல்பத்தையே வாங்கினேன். எங்கள் வீட்டில் பெயர்களைப் படிக்கும் பழக்கம் உண்டு. அப்பா வானொலி கேட்டே வளர்ந்தவர். பாட்டுக்கு முன்னால் படம், எழுதியவர், இசையமைத்தவர், பாடியவர்கள் என்று அறிவிப்பாளர் சொல்லி முடிப்பதற்குள் அப்பா முந்திக்கொண்டு சொல்லிவிடுவார். ஒரு பெயரை விட்டுவிட்டால் அவருக்குப் பாட்டே முழுசாகக் கேட்ட மாதிரி இருக்காது. அந்தப் பழக்கத்தில்தான் குறுந்தட்டின் உள்ளே இருந்த சின்னப் புத்தகத்தைப் பிரித்து, பொடி எழுத்தில் பாட்டெழுதியவர்கள் வரிசையில் ஸ்காட் என்ற பெயரைப் பார்த்தேன். யார் இந்த ஸ்காட் என்று கேட்க ஆளில்லை. அன்றைக்கு இணையம் இன்றைக்கு மாதிரி இல்லை.

கம்பெனிப் பக்கத்துக் கணக்கு

ஜில் ஸ்காட் அப்போது பிலடெல்பியாவில் கவிதை வாசித்துக்கொண்டிருந்தவர். ஆங்கில ஆசிரியராக வேண்டும் என்று படிக்கப் போனவர். கவிதை அரங்கில் அவரைப் பார்த்த குவெஸ்ட்லவ்தான் பாட்டெழுத அழைத்துவந்தார். எழுதியது மட்டுமில்லை, முதலில் பாடியதும் அவர்தான். ரூட்ஸின் பாட்டுகளை வெளியிட்ட எம்சிஏ கம்பெனிக்கு அந்தப் பெயர் போதவில்லை. ரூட்ஸ் குழுவுக்கு நல்ல பெயர் இருந்தது, விற்பனை இல்லை. இந்தத் தடவையாவது பெரிதாகப் போக வேண்டும், அதற்கு எல்லாருக்கும் தெரிந்த ஒரு குரல் வேண்டும் என்றார்கள். அந்தக் கணக்கு பலித்தது. பாட்டு அமெரிக்காவின் பில்போர்டு பத்திரிகையின் முக்கியப் பாடல் பட்டியலில் 39-ஆவது இடம் வரை போனது. 2000-ல் ராப் குழுக்களுக்கான கிராமி விருதும் வாங்கியது. அறிவிப்பில் இருந்த பெயர்கள் தி ரூட்ஸ், எரிக்கா பாடு.

இந்தக் கணக்கு தப்பு என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. சிங்கப்பூரில் ஒரு கடையில் நின்ற ஒரு தமிழ்ப் பெண்ணின் கை அந்தக் குறுந்தட்டுக்கு நீண்டதே அந்தக் கணக்கினால்தான். எரிக்கா பாடு என்று போடாமல் ஜில் ஸ்காட் என்று போட்டிருந்தால் நான் அதைத் தாண்டிப் போயிருப்பேன். ஒரே மாடியில் இருந்து சந்திக்காத அந்த இருவரையும் எனக்குத் தெரிந்திருக்காது. இதைச் சொல்லாமல் கம்பெனியை மட்டும் திட்டுவது சரியாக இருக்காது. எரிக்கா பாடுவும் அந்தப் பல்லவியைக் கடனே என்று பாடிவிட்டுப் போகவில்லை. ஒரு பெண் சமாதானம் சொல்லும்போதே அவள் குரலின் ஓரத்தில் சந்தேகம் ஒட்டியிருக்குமே, அதை அவர் பாடியிருக்கிறார். கேட்கக் கேட்க அது கூடுகிறது. பாட்டின் நடுவே ராப் பாடகி ஈவ் வந்து அந்தப் பெண்ணின் பக்கத்திலிருந்து பேசும்போதும், கடைசியில் குவெஸ்ட்லவ்வின் டிரம்ஸ் திடீரென்று வேகமெடுத்து ஓடும்போதும், அந்தப் பல்லவி விட்டுச்சென்ற கலக்கம்தான் எல்லாவற்றையும் கட்டி வைத்திருக்கிறது.

ராப் பாட்டில் விருந்தாளிக் குரலுக்கு அந்த வேலை உண்டு. ராப் பாடுகிறவன் கதையைச் சொல்லிக்கொண்டே ஓடுவான். பாடுகிறவர்தான் கேட்பவனை ஒரு இடத்தில் நிற்க வைப்பார். தமிழில் நமக்கு இது புதிதில்லை. 1994-ல் ‘காதலன்’ படத்துப் ‘பேட்டை ராப்’ வந்தபோது, சுரேஷ் பீட்டர்ஸின் வேகத்துக்கு நடுவே தேனி குஞ்சரம்மாவின் குரல் வந்து விழும் இடத்தை நினைத்துப் பாருங்கள். 2006-ல் மலேசியாவிலிருந்து யோகி பி - நட்சத்திரா குழு ‘வல்லவன்’ ஆல்பத்தைக் கொண்டுவந்தது. அதில் இருந்த ‘மடை திறந்து’ பாட்டை இங்கே பள்ளிக்கூட மேடைகளில் ஆடாத பிள்ளைகள் குறைவு. இளையராஜாவின் 1980-ஆம் வருடத்துப் பல்லவி அதில் வந்து நிற்கும்போது, ராப் என்றால் முகம் சுளிக்கும் என் அப்பாவே காலால் தாளம் போட்டார். பல்லவிதான் கதவைத் திறக்கிறது. பிள்ளைகள் அது நன்றாகத் தெரிந்துதான் பாடகியைத் தேடுகிறார்கள். கம்பெனிக்காரனுக்கும் அது தெரியும்.

அதனால்தான் பல்லவி யாருடையது என்பது சின்ன விஷயம் இல்லை. நம் சினிமாவில் ட்ராக் பாடுகிறவர்கள் உண்டு. மெட்டு எப்படிப் போக வேண்டும் என்று காட்ட ஒருவர் பாடி வைப்பார். அதைக் கேட்டு இன்னொருவர் வந்து பாடுவார், முதல் குரல் அழிக்கப்படும். சில சமயம் ட்ராக்கே பிடித்துப்போய் அதையே வைத்துவிடுவதும் உண்டு. இது தொழில் முறை, எல்லாருக்கும் தெரிந்தே நடப்பது. ஆனால் ட்ராக் பாடுகிறவர் பாட்டை எழுதியவர் இல்லை. தானே எழுதி, தானே மெட்டுக் கட்டி, தானே பாடி வைத்ததை இன்னொருவரிடம் கொடுப்பது வேறு. அதற்கு நம்மிடம் பழகிய முறை எதுவும் இல்லை.

காக்கி புக்கிட்டில் ஒரு சாயங்காலம்

என் தங்கை வீடு ஈசூனில். அவள் மகனும் அவனோடு தேசிய சேவையில் இருந்த இரண்டு பையன்களும் சேர்ந்து ராப் எழுதுகிறார்கள். போன வருடம் அவர்கள் எழுதிய பாட்டு, செம்பவாங் கடற்படைத் தளத்தில் வேலை பார்த்த தாத்தாக்களைப் பற்றியது. பிரிட்டிஷ்காரர்கள் இருந்த காலத்தில் அங்கே கூலியாகவும் குமாஸ்தாவாகவும் இருந்த தமிழர்களும் மலையாளிகளும் எத்தனையோ பேர். பிரிட்டிஷ் படை இந்த ஊரை விட்டுப் போனபோது அந்தக் குடும்பங்கள் எல்லாம் கலைந்து வெவ்வேறு புளோக்குகளுக்குப் போய்விட்டன. பையன்கள் இதை விசாரித்து, வீட்டுப் பெரியவர்களிடம் கேட்டு, நன்றாகவே எழுதியிருந்தார்கள். ஆனால் வெறும் தகவலாக இருந்தது. அவர்களோடு படித்த ஒரு பெண் வந்து இரண்டு வரி போட்டாள், பாட்டு எழுந்து உட்கார்ந்தது. ‘கப்பலெல்லாம் போயிருச்சு காத்து மட்டும் நிக்குதடி’ என்பது முதல் வரி. மெட்டு அவள் பாட்டி முணுமுணுப்பதிலிருந்து எடுத்தது. தங்கை வீட்டுக் கூடத்தில் அவள் அதைப் பாடிக் காட்டியபோது நான் அங்கே இருந்தேன். சமையலறையிலிருந்து தங்கை அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றாள்.

பாட்டை ஒரு கலைவிழாவில் அரங்கேற்ற வாய்ப்பு வந்தது. ஏற்பாட்டாளர்கள் பாட்டு பிடித்திருக்கிறது என்றார்கள். பாடுகிற பெண் யார் என்று கேட்டார்கள். யாருக்கும் தெரியாத பிள்ளை என்றதும், தொலைக்காட்சிப் பாட்டுப் போட்டியில் பெயர் வாங்கிய ஒரு பாடகியை நாங்களே ஏற்பாடு செய்கிறோம், சுவரொட்டியில் அவர் முகம் இருந்தால் கூட்டம் வரும் என்றார்கள். பையன்கள் இரண்டு நாள் யோசித்தார்கள், சரி என்றுவிட்டார்கள். நான் கேட்டதற்கு என் தங்கை மகன் சொன்னான்: “பெரியம்மா, அவங்க பேரு இருந்தாத்தான் நாலு பேரு கேப்பாங்க. பாட்டு நாலு பேருக்குப் போகணும்ல?” நான் அந்த ஹீரன் கட்டடத்தில் நின்றதை நினைத்தேன். அவனை மறுத்துப் பேச என்னிடம் எதுவும் இல்லை. அந்தப் பெண்ணிடம் சொன்னீர்களா என்று மட்டும் கேட்டேன். சொன்னோம், பரவாயில்லை என்றாள் என்றான்.

ஒலிப்பதிவுக்கு என்னையும் கூப்பிட்டார்கள். காக்கி புக்கிட் பக்கம் ஒரு தொழிற்பேட்டைக் கட்டடத்தில் மணிக்கணக்கில் வாடகைக்கு விடும் ஸ்டூடியோ. நான் எதிர்பார்க்கவில்லை, அந்தப் பெண்ணும் வந்திருந்தாள். மூலையில் பையை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பாடகி வந்தார். நல்ல குரல், முறையாகச் சங்கீதம் கற்றவர் என்பது முதல் ஸ்வரத்திலேயே தெரிந்தது. அவர் பாடினார். எல்லாம் சுத்தமாக இருந்தது. ஆனால் பாட்டு உட்கார்ந்துவிட்டது. மறுபடி பாடினார், அப்போதும் அப்படித்தான். பையன்கள் ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்தார்கள். சத்தத்தைக் கூட்டு, குறை என்று ஒலிப்பதிவுக்காரரிடம் ஏதேதோ சொன்னார்கள்.

அந்தப் பெண் எழுந்து கண்ணாடிக்குப் பக்கத்தில் போனாள். “அக்கா, ‘போயிருச்சு’ன்னு முடிச்சு அங்க மூச்சு எடுக்கிறீங்க. அங்க எடுக்கக்கூடாது. எங்க பாட்டி பாத்திரம் கழுவிக்கிட்டே பாடுவாங்க. கை நிக்காது, அதனால பாட்டும் நிக்காது. காத்து வரைக்கும் ஒரே மூச்சுல போயிரும்” என்றாள். பாடகி ஒரு நொடி அவளைப் பார்த்தார். “நீ பாடிக் காட்டும்மா” என்றார். அவள் பாடினாள். பாடகி கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். அந்தச் சின்ன அறையில் யாரும் அசையவில்லை. அப்புறம் பாடகி, “இது நீ எழுதினதா?” என்று கேட்டார். அவள் தலையாட்டினாள். பாடகி பையன்கள் பக்கம் திரும்பினார். “இந்தப் பிள்ளை இருக்கும்போது என்னை எதுக்குக் கூப்பிட்டீங்க?”

யாரும் பதில் சொல்லவில்லை. அவரிடம் யாரும் முன்பே சொல்லியிருக்கவில்லை என்பது அப்போதுதான் தெரிந்தது. ஏற்பாட்டாளர்கள் அவரிடம், பையன்கள் ஒரு பாட்டு வைத்திருக்கிறார்கள், பல்லவி மட்டும் பாட வேண்டும் என்றுதான் சொல்லியிருக்கிறார்கள். அந்தப் பல்லவிக்கு ஒரு சொந்தக்காரி இருக்கிறாள், அவள் இதே அறையில் மூலையில் உட்கார்ந்திருக்கிறாள் என்பது அவருக்குத் தெரியாது. கோபப்படுவார் என்று நினைத்தேன். கோபப்படவில்லை. ஒப்புக்கொண்ட வேலை, பாடித்தான் ஆக வேண்டும், ஆனால் இவள் சொல்லிக்கொடுக்காமல் பாடமாட்டேன் என்றார். அதற்கப்புறம் ரொம்ப நேரம் அந்த இருவரும் மட்டும்தான் பேசிக்கொண்டார்கள். இங்கே இழு, இங்கே விடு, ‘நிக்குதடி’யில் சங்கதி வேண்டாம் என்று அவள் சொல்லச் சொல்ல, அவளைவிடப் பத்து வயது மூத்தவர், மேடை மேடையாகப் பாடியவர், மாணவி மாதிரி கேட்டுக்கொண்டார். கடைசியில் பதிவானது மிக நன்றாக இருந்தது. அந்தப் பெண் பாடியது போலவும் இல்லை, பாடகி முதலில் பாடியது போலவும் இல்லை.

இத்தனை வருடமாக எரிக்கா பாடு பாடியதைக் கேட்கும்போதெல்லாம் எனக்குள் கிடந்த கேள்வி அந்த அறையில்தான் உருவம் எடுத்தது. பாட வந்தவர் மீது குற்றமில்லை. பெரிய பெயர் வேண்டும் என்று நினைப்பதும் குற்றமில்லை. விருந்துக்கு அழைக்கப்பட்டவரிடம், இது யார் வீடு என்று சொல்லாமல் மறைப்பதுதான் குற்றம். கேட்பவரிடம் மறைப்பதும் அதே குற்றம்தான். பாட்டு ஒருவருடையது, குரல் ஒருவருடையது, கூட்டத்தை அழைக்கும் பெயர் ஒருவருடையது என்று மூன்றும் பிரிந்து போகலாம். மூன்றையும் வெளியே சொல்லிவிட்டால் யாருக்கும் ஒரு நஷ்டமும் இல்லை.

மேடைக்கு வந்தவரும் வராதவளும்

வெளியே வரும்போது பாடகி, “அவ பேரையும் போடுங்க” என்று பையன்களிடம் சொல்லிவிட்டுத்தான் போனார். சுவரொட்டி அதற்குள் அச்சுக்குப் போய்விட்டது. இணையத்தில் பாட்டு ஏறியபோதும் குழுவின் பெயர், ஃபீச்சரிங் என்று பாடகியின் பெயர், அதற்கு மேல் இடமில்லை என்றார்கள். இன்றைக்குப் பெரும்பாலானவர்கள் பாட்டு கேட்பது செயலியில்தான். குறுந்தட்டின் உள்ளே இருந்த அந்தச் சின்னப் புத்தகம் போய்விட்டது. ஸ்பாட்டிஃபையில் எழுதியவர்கள் பெயரைக் காட்டும் வசதியே 2018-ல்தான் வந்தது, அதையும் தேடித்தான் திறக்க வேண்டும். வானொலியில் அறிவிப்பாளர் வாயால் சொன்னதை இன்று யாரும் சொல்வதில்லை.

நான் ஒரு காரியம் செய்தேன். பையன்களை உட்கார வைத்து, யார் யார் எழுதினார்கள், யாருக்கு எத்தனை பங்கு என்று ஒரு தாளில் எழுதி எல்லாரும் கையெழுத்துப் போடச் சொன்னேன். ஸ்பிளிட் ஷீட் என்பார்கள். இங்கே 1987-லிருந்து காம்பஸ் அமைப்பு இருக்கிறது, பாட்டு எழுதுகிறவர்களுக்கும் இசையமைக்கிறவர்களுக்கும் உரிமைத்தொகை வாங்கிக் கொடுப்பது அவர்கள் வேலை. அங்கே பாட்டைப் பதியும்போது அந்தப் பெண்ணின் பங்கு அவள் பெயரில் இருக்க வேண்டும் என்றேன். பையன்கள் தயங்கவே இல்லை, உடனே எழுதினார்கள். கெட்ட பிள்ளைகள் இல்லை. யாரும் அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்ததில்லை, அவ்வளவுதான். அமெரிக்காவிலும் ஜில் ஸ்காட்டுக்கு எழுதியவர் என்ற உரிமை கிடைத்தது, அது பொடி எழுத்திலாவது இருந்தது. ‘எஞ்சாய் எஞ்சாமி’ 2021-ல் உலகம் முழுக்கப் போனபோது நடந்ததை நீங்கள் மறந்திருக்கமாட்டீர்கள். அங்கே பாடகி தீயின் பெயர் முன்னால், எழுதிய அறிவின் பெயர் ஃபீச்சரிங். ஒரு பத்திரிகை அட்டையில் அறிவு இல்லாமல் போனதும் பா. இரஞ்சித் வெளிப்படையாகக் கேட்டார், அப்புறம் அறிவுக்கு ஒரு டிஜிட்டல் அட்டை வந்தது. தேயிலைத் தோட்டத்தில் உழைத்தவர்களின் கதை, அதை எழுதியவன் பெயரே ஓரத்தில். கேட்க ஒருவர் இருந்ததால் அந்த அட்டையாவது வந்தது.

ரூட்ஸ் விஷயத்தில் கேட்க யாரும் வெளியிலிருந்து வரவில்லை, குழுவே செய்தது. இந்தக் கதையைச் சுருக்கிச் சொல்பவர்கள் விட்டுவிடுவது இதைத்தான். அந்தப் பாட்டோடு ஊர் ஊராகப் போனபோது ஜில் ஸ்காட்டை அழைத்துக்கொண்டு போய் அவரையே பாட வைத்தார்கள். அதே 1999-ஆம் வருடக் கடைசியில் வந்த அவர்களுடைய மேடைப் பதிவு ஆல்பத்தில் ‘யூ காட் மீ’யைப் பாடுவது ஜில் ஸ்காட். அதைக் கேட்காதவர்கள் தயவுசெய்து கேளுங்கள். எரிக்கா பாடு குரலின் ஓரத்தில் வைத்த சந்தேகத்தை ஜில் ஸ்காட் நடுவில் வைத்துத் திறந்து காட்டுகிறார். பாட்டு முடிய வேண்டிய இடத்தில் முடிக்காமல் அவர் மேலே மேலே போகும்போது, வாத்தியக்காரர்கள் அவரைப் பின்தொடர்ந்து ஓடுகிறார்கள். 2000-ல் அவருடைய முதல் ஆல்பம் வந்தது. அதன் பெயரே ‘ஹூ இஸ் ஜில் ஸ்காட்?’ என்று ஒரு கேள்வி. ஒரு வருடத்துக்கு முன்னால் குறுந்தட்டுப் புத்தகத்தைக் கையில் வைத்துக்கொண்டு நான் கேட்ட அதே கேள்வியை அட்டையில் அச்சடித்துக் கொடுத்த மாதிரி இருந்தது.

எரிக்கா பாடுவும் விலகி நிற்கவில்லை. 2004-ல் புரூக்ளினில் நகைச்சுவைக் கலைஞர் டேவ் சாப்பெல் நடத்திய தெருவிழாவில் ரூட்ஸ் வாசிக்க, இருவரும் ஒரே மேடையில் அந்தப் பாட்டைப் பாடினார்கள். 2020 மே மாதம், இங்கே நாங்கள் எல்லாரும் சர்க்கிட் பிரேக்கர் என்ற கோவிட் முடக்கத்தில் வீட்டுக்குள் அடைந்து கிடந்தபோது, இருவரும் இணையத்தில் நேரலையில் மாறி மாறித் தங்கள் பாடல்களைப் போட்டார்கள். பெயருக்குத்தான் அது போட்டி. ஒருவர் பாட்டுக்கு இன்னொருவர் ஆடினார். சிங்கப்பூரில் அப்போது ஞாயிற்றுக்கிழமை காலை, அன்னையர் தினம். அம்மாவுக்குக் காப்பி கலந்து கொடுத்துவிட்டு, கைபேசியை மேசையில் சாய்த்து வைத்துக்கொண்டு பார்த்தேன். இரண்டு பேரையும் நேசிப்பதில் துரோகம் எதுவும் இல்லை என்பதற்கு அவர்களே சாட்சி.

இதையெல்லாம் நான் என் தங்கை மகனுக்குச் சொன்னேன். இரண்டு பதிவையும் கேட்க வைத்தேன். “அப்ப நாங்களும் அவளை மேடைக்குக் கூப்பிடுறோம் பெரியம்மா” என்றான். அதற்கு வாய்ப்பும் வந்தது. கலைவிழா முடிந்து சில மாதம் கழித்து ஒரு சமூக மன்றத்தில் அதே பாட்டைக் கேட்டார்கள். அன்றைக்குப் பாடகிக்கு வேறு நிகழ்ச்சி. பையன்கள் அந்தப் பெண்ணிடம் போனார்கள். அவள் முடியாது என்றுவிட்டாள். சண்டை போடவில்லை, காரணமும் சொல்லவில்லை. என்னிடம் மட்டும் ஒரு நாள் தேக்காவில் எதிர்ப்பட்டபோது சொன்னாள்: “அவங்க வரலைங்கிறதுக்காக என்னைக் கூப்பிட்டாங்க, ஆன்ட்டி. முதல்லயே கூப்பிட்டிருந்தா போயிருப்பேன்.” பையன்கள் மேடையில் பதிவான பல்லவியை ஓடவிட்டுத் தாங்கள் மட்டும் ராப் பாடிவிட்டு வந்தார்கள்.

ஜில் ஸ்காட் போனார். இந்தப் பெண் போகவில்லை. போயிருந்தால் கதை அழகாக முடிந்திருக்கும், எனக்கும் எழுத வசதியாக இருந்திருக்கும். ஆனால் அவள் மறுத்தது சரி என்றே நினைக்கிறேன். ரூட்ஸ் ஜில் ஸ்காட்டைக் கூட்டிக்கொண்டு போனது ஆள் கிடைக்காமல் இல்லை, பாட்டு அவருடையது என்பதால். ஆள் வராத நாளில் இடத்தை நிரப்பக் கூப்பிடுவது மரியாதை ஆகாது. இது பையன்களுக்குப் புரிய இன்னும் கொஞ்ச நாள் ஆகும். அவளை வற்புறுத்தவோ, சமாதானம் பேசவோ நான் போகவில்லை.

சில வாரங்களுக்கு முன்னால் பையன்கள் அடுத்த பாட்டுக்கு அவளைக் கேட்டிருக்கிறார்கள், அவள் இன்னும் பதில் போடவில்லையாம். அதற்காகக் காத்திருக்க வேண்டாம், இருக்கிற பாட்டை முதலில் சரி செய் என்று தங்கை மகனிடம் சொன்னேன். இணையத்தில் பாட்டுக்குக் கீழே இருக்கும் விவரப் பகுதியில் பல்லவி எழுதி மெட்டமைத்தவர் என்று அவள் பெயரைப் போடச் சொன்னேன். அவள் பாட்டியின் மெட்டு என்பதையும் சேர்க்கச் சொன்னேன். பாட்டி பேரையுமா என்று கேட்டான். ஆமாம், ஆனால் முதலில் அவர்கள் இருவரிடமும் கேட்டுவிட்டுப் போடு என்றேன். கேட்டிருக்கிறான். அந்தச் செய்திக்கு மட்டும் அன்றைக்கே பதில் வந்திருக்கிறது, பாட்டியின் முழுப்பெயரோடு, முன்னெழுத்தும் விடாமல்.